எரிமலைக்குப் போன கோழிப் புத்தகம்

தன் மகள் கடல் தாண்டப் போவதில்லை என்று மாலின் மாராஜோ முடிவு செய்துவிட்டார். முடிவு செய்தது தன் கடையில், தன் நாற்காலியில், கதவைச் சாத்திக்கொண்டு. வேறு எங்கே செய்தாலும் யாராவது சிரித்துவிடுவார்கள்.

கடை நம் மலை ஊரான புக்கிட்டிங்கியின் மணிக்கூண்டுக்குப் பின்னால் இருந்தது. வாடகைப் புத்தகக் கடை. அதில் அவர் பேர் வாங்கியது பெண்பிள்ளைகளுக்கான சாகசப் புத்தகங்களால். கொள்ளைக்காரனை மரத்தில் கட்டிப்போடும் பெண், ஒற்றைத் துடுப்போடு தீவைச் சுற்றி வரும் பெண், ஒரு குகைக்குள் புகுந்து இன்னொரு குகை வழியாக வெளியே வரும் பெண். பள்ளிக்கூடம் விட்டதும் ரெட்டைப் பின்னல்கள் வாசலை அடைத்துக்கொள்ளும். "படிம்மா, படி. பொண்ணுன்னா துணிச்சல் வேணும்!" என்று ஊரார் மகள்களுக்கெல்லாம் அள்ளிக் கொடுத்தார். சொந்த மகள் யுஸ்மாவுக்கு மட்டும் சமையல் புத்தகம், தையல் புத்தகம். மிட்டாய்க் கடைக்காரன் தன் பிள்ளையின் பல்லைக் காப்பாற்ற மாட்டானா, அந்த மாதிரிதான் இது என்பது அவர் கட்சி.

அந்த யுஸ்மாவுக்குத்தான் ஜாவாவில், பாண்டுங் கல்லூரியில் இடம் கிடைத்திருந்தது. என்ன படிப்பு? எரிமலைப் படிப்பு. அது எப்போது முணுமுணுக்கும், எப்போது கத்தும் என்று கண்டுபிடிக்கிற படிப்பாம். வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல்லாவிட்டால் இடம் வேறு யாருக்கோ போய்விடும்.

"அடுப்புப் புகைக்கே கண்ணைக் கசக்குற பொண்ணு, எரிமலைக்குள்ள எட்டிப் பாக்கப் போறாளாம்!" என்றார் மனைவி ரோஸ்னாவிடம்.

"அடுப்புக்குப் பயந்துதான் எரிமலைக்குப் போறாளோ என்னவோ."

"நான் அனுப்ப மாட்டேன்."

"உங்களை யாருங்க கேட்டா?"

ரோஸ்னா இதைக் கோபமாகக் கேட்கவில்லை. மழை வருமா என்று கேட்பது போலத்தான் கேட்டாள். ஏனென்றால் நம் பக்கத்து வழக்கம் அது. வீடு ரோஸ்னாவுடையது. வயல் ரோஸ்னாவுடையது. தூண்கள் மேல் நிற்கிற அந்த வீட்டுக்கு அடியில் மேயும் கோழிகளும் ரோஸ்னாவுடையவை. புருஷன் என்பவன் அந்தியில் வந்து, சாப்பிட்டுப் படுத்து, விடிந்ததும் கிளம்புகிற மரியாதைக்குரிய விருந்தாளி. கல்யாணத்தன்று சூட்டிய 'மாராஜோ' என்ற பட்டப்பெயரில் மகாராஜா இருக்கிறார், வாஸ்தவம்தான். ஆனால் அந்த மகாராஜா உட்காருகிற பாய்கூட அவருடையதில்லை. பிள்ளைகள் விஷயத்தில் கடைசிச் சொல் தாய்மாமனுக்கு. ரோஸ்னாவின் அண்ணன் தாத்துக், குலத்துக்கே தலைவர், வெள்ளிக்கிழமைத் தொழுகை முடிந்து வந்து தன் முடிவைச் சொல்வதாக இருந்தது.

"போன வருஷம் உங்க அக்கா மகளை ஜாவாவுக்கு அனுப்புனது யாரு?" என்றாள் ரோஸ்னா. "ஒரு வாய் காப்பி குடிச்சு முடிக்கறதுக்குள்ள 'போயிட்டு வாடா கண்ணு'ன்னு சொன்னீங்களே!"

"அங்க நான் தாய்மாமன். யோசிச்சு நல்லது சொல்லணும்."

"இங்க?"

"இங்க நான் அப்பன். பயப்படணும்."

அவர் பயம் பொய்யில்லை. நம்மூர் ஆண்பிள்ளை மீசை முளைத்ததும் பிழைப்புத் தேடிக் கடல் தாண்டுவான். மாலின் மாராஜோவும் கிளம்பினார். பாடாங் வரை ரயிலில் போய்க் கடலைப் பார்த்தார். அது அசைந்துகொண்டே இருந்தது. அடுத்த ரயிலில் திரும்பிவிட்டார். அந்தத் தண்ணீரின் மேல் தன் ஒற்றை மகளை வைத்துப் பார்க்க அவரால் முடியவில்லை. அவள் சிரிப்புச் சத்தம் இல்லாத வீட்டை நினைத்தால் சோற்றுத் தட்டைத் தள்ளி வைத்துவிடுவார்.

தடுக்க அதிகாரம் இல்லை. பயமுறுத்த யார் அனுமதி வேண்டும்? தாத்துக்கோ தினமும் சாயங்காலம் தங்கை வீட்டில்தான் சாப்பிடுவார். சாப்பாட்டுக்கு அப்புறம் ஒரு சாகசப் புத்தகம் வாசிப்பது. வீட்டை விட்டுப் போகிற பெண். அவளுக்கு வரிசையாக ஆபத்து. கடைசியில் கதி அதோகதி. மாமனும் மருமகளும் நடுங்க வேண்டும். அப்படி ஒரு புத்தகம் கடையில் இல்லை. அதனால் என்ன, கட்டிவிட்டால் போகிறது!

கடைப் புத்தகங்களுக்கு அட்டை போடுவது ரோஸ்னாதான். சிமெண்டுப் பை காகிதத்தில், கஞ்சிப் பசை தடவி. மலை ஊர்க் குளிரில் பசை காய நாலு நாள் ஆகும் என்று புதுப் புத்தகங்களை வீட்டிலேயே வைத்துக்கொள்வாள். திங்கட்கிழமை சாயங்காலம் அந்தக் கட்டிலிருந்து கைக்கு வந்ததை உருவிக்கொண்டு மாலின் மாராஜோ நடுக்கூடத்தில் உட்கார்ந்தார். எல்லாம் ஒரே பழுப்பு அட்டை. பிரித்தால், உள்ளே ஒரு சேவல் படம். கோழி வளர்ப்பு.

அவர் கலங்கவில்லை. சேவலைப் பார்த்துக்கொண்டே தொடங்கினார்.

"நூர்சாம் என்று ஒரு பெண் இருந்தாள். தாய் தகப்பன் சொல்லைக் கேளாமல் காட்டு வழியே கிளம்பினாள். ரெட்டைப் பின்னல். முழங்கையில் தையல் மெஷின் ஊசி கிழித்த தழும்பு…"

யுஸ்மா தன் முழங்கையைப் பார்த்துக்கொண்டாள். மாலின் மாராஜோ அதைக் கவனிக்கவில்லை. அவர் காட்டுக்குள் இருந்தார். மூங்கில் புதர் விலகியது. இரண்டு மஞ்சள் கண்கள். கர்ஜனையில் இலைகள் உதிர்ந்தன. தாத்துக்கின் கையில் மரவள்ளி வறுவல் அப்படியே நின்றது.

"அவ்வளவுதான். அத்தோடு அவள்…" என்று நிமிர்ந்தார். எதிரே யுஸ்மா, முழங்காலைக் கட்டிக்கொண்டு, வாய் திறந்தபடி. அந்தத் தழும்புள்ள கையை எப்படிப் புலிக்குக் கொடுப்பது?

"அப்புறம்?" என்றாள் ரோஸ்னா.

"அப்புறம்… அதான்…"

"தாத்தான்னு மரியாதையாக் கூப்பிட்டாளா?"

காட்டில் அதன் பெயரை நம் ஆட்கள் சொல்வதில்லை. தாத்தா என்றுதான் சொல்வோம். மாலின் மாராஜோ அந்தக் கயிற்றைப் பிடித்துக்கொண்டார்.

"கூப்பிட்டாள்! தலை குனிந்து சலாம் சொன்னாள். 'தாத்தா, பேத்தி வழி தவறிட்டேன்' என்றாள். அது ஒரு நொடி பார்த்தது. பிறகு திரும்பி முன்னால் நடந்தது. விடியும் வரை நடந்து அவளை ஆற்றங்கரையில் விட்டுவிட்டுப் போனது."

"அடேயப்பா!" என்றார் தாத்துக். வறுவல் அப்போதுதான் வாய்க்குப் போனது. "எழுதினவன் ஆம்பளை, மாப்பிள்ளை! யாரு அவன்?"

"பேர் போட்ட பக்கம் கிழிஞ்சிருச்சு மச்சான். தெரியல."

செவ்வாய்க்கிழமை அவளைக் கப்பலேற்றி நடுக்கடலில் மூழ்கடிக்கப் பார்த்தார். இந்த முறை விடக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு அலையை ஆள் உயரம், தென்னை உயரம், மணிக்கூண்டு உயரம் என்று ஏற்றினார். கடலைப் பார்த்து ஓடி வந்தவர் வாயிலிருந்து இப்படி ஒரு கடல் வருகிறதே என்று அவருக்கே புல்லரித்தது. தண்ணீர் அவள் மூக்குவரை வந்தது. யுஸ்மா மூச்சை அடக்கிக்கொண்டிருந்தாள். மாலின் மாராஜோவுக்கும் மூச்சு முட்டியது.

"மனின்ஜாவ் ஏரியில நீச்சல் பழகுன பொண்ணா இருப்பா, இல்லீங்க?" என்றாள் ரோஸ்னா, வெற்றிலையை மடித்தபடி. யுஸ்மா பழகிய ஏரி அது.

"ஆமா! பழகியிருந்தாள்! ஒரு கதவுப் பலகை வேறு மிதந்து வந்தது!"

புதன்கிழமை பக்கத்து வீட்டுக்காரர்களும் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். அன்றைக்கு நூர்சாம் மலை ஏறினாள். வாசலைத் திறந்தால் எதிரே நிற்கிற, பிறந்ததிலிருந்து பார்த்தும் ஒரு நாளும் அவர் ஏறாத மராப்பி எரிமலை. அவள் உச்சிக்குப் போய் விளிம்பில் படுத்து உள்ளே எட்டிப் பார்த்தாள். பூமிக்குள் விடிந்துகொண்டிருந்தது. சிவப்பு, அதற்கடியில் இன்னொரு சிவப்பு, அதற்கடியில் பெயரில்லாத ஒரு வெளிச்சம். பாறைகள் மூச்சு விட்டன. உலகத்தைப் படைத்தவன் இன்னும் வேலையை முடிக்கவில்லை, கொல்லன் பட்டறையை மூடவில்லை என்று அவளுக்குத் தோன்றியது.

மாலின் மாராஜோ சேவல் படத்தைப் பார்த்தபடியே கதையை நிறுத்தினார். இவ்வளவு பெரிய ஒன்றை எதிரே வைத்துக்கொண்டா இத்தனை வருஷம் கதவைச் சாத்திச் சாத்தித் தூங்கினோம் என்றிருந்தது.

"அப்பா," என்றாள் யுஸ்மா மெதுவாக. "கந்தகப் புகை தொண்டையை அறுக்குமே. துணியை நனைச்சு மூக்குல கட்டிக்கிட்டாளா? காத்து எந்தப் பக்கம்னு பாத்துப் படுத்தாளா?"

அவள் முகத்தை அவர் பார்த்தார். பயம் ஒரு பொட்டுக்கூட இல்லை. விளிம்பில் படுத்திருந்தது இவள்தான்.

"கட்டிக்கிட்டாம்மா," என்றார். "காத்தையும் பாத்துக்கிட்டா."

மறுநாள் முழுக்கக் கடையில் உட்கார்ந்து ஒரு முடிவான சாவை யோசித்தார். ஒன்றும் ஓடவில்லை. வியாழன் சாயங்காலம் நூர்சாம் பூகம்பத்திலும் பிழைத்தாள்.

வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து தாத்துக் வந்தார். கறுப்புத் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்தார்.

"நான் வேணாம்னு சொல்லத்தான் இருந்தேன்," என்றார். "ஒத்தப் பொண்ணு, கடல், மலை. நமக்கு எதுக்குன்னு நினைச்சேன். இந்த நாலு நாளா அந்தப் புத்தகத்தைக் கேட்டேன். கண்ணு திறந்துருச்சு. புத்தி இருக்கிற பொண்ணுக்கு எங்க போனாலும் வழி இருக்கு. யுஸ்மா போகட்டும்."

மாலின் மாராஜோ துள்ளி எழுந்தார். "மச்சான்! அது பொய்! அப்படி ஒரு புத்தகமே இல்ல! நான்தான் கட்டிவிட்டேன்!" பழுப்பு அட்டையை விரித்து நீட்டினார். "பாருங்க, கோழி!"

தாத்துக் சேவலைப் பார்த்தார். முட்டையைப் பார்த்தார். பிறகு மாப்பிள்ளையைப் பார்த்தார். அந்தப் பார்வையில் இருந்த மரியாதையை மாலின் மாராஜோ தன் கல்யாணத்தன்றுகூடப் பார்த்ததில்லை.

"கோழியைப் பாத்துக்கிட்டா இவ்வளவும் சொன்னீங்க?"

"ஆமா மச்சான்! அவளைப் பயமுறுத்தத்தான்! கொல்லணும்னுதான் ஆரம்பிச்சேன்!"

"ஏன் கொல்லல?"

மாலின் மாராஜோ மகளைப் பார்த்தார்.

"யாரோ எழுதினதுன்னா சந்தேகம் இருந்திருக்கும்," என்றார் தாத்துக். "பெத்த அப்பனே நாலு நாளா அவ பிழைப்பான்னு நம்பியிருக்கான். அப்புறம் மாமன் என்ன சொல்லக் கிடக்கு? கப்பலுக்குச் சொல்லிடு ரோஸ்னா."

யுஸ்மா ஓடி வந்து அப்பாவைக் கட்டிக்கொண்டாள். அவருக்குக் கண் நிறைந்துவிட்டது. அதைக் கோபமாக மாற்றப் பார்த்தார்.

"காத்து, கந்தகம் எல்லாம் இவளுக்கு யாரு சொல்லிக் கொடுத்தது? ஒரு சாகசப் புத்தகத்தைத் தொட விட்டிருக்கேனா நான்?"

"பசை காயணும்ல," என்றாள் ரோஸ்னா.

"அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

"கஞ்சிப் பசை அரை நாள்ல காஞ்சிரும்ங்க. மிச்ச மூணரை நாள் என்ன பண்றது? அவ படிப்பா. அவ முடிச்சதும் நான்."

மாலின் மாராஜோ உட்கார்ந்துவிட்டார். தன் கடைக்குள் வந்த ஒவ்வொரு சாகசத்தையும் முதலில் படித்த வாடிக்கையாளர்கள் தன் வீட்டிலேயே இருந்திருக்கிறார்கள். அதுவும் வாடகையில்லாமல். கேட்க நினைத்த அடுத்த கேள்வியும் வாய்க்குள்ளேயே நின்றது. பழுப்பு அட்டைக்குள் இருப்பது கோழி என்று ஒட்டினவளுக்குத் தெரியாதா என்ன?

கிளம்பும் நாளில் பேருந்து தெரு முனையில் ஹாரன் அடித்தது. யுஸ்மாவின் பெட்டிக்குப் பக்கத்தில் இன்னொரு பெட்டியும் இருந்தது.

"இது யாரோடது?"

"என்னோடது," என்றாள் ரோஸ்னா. புது உடுப்பு, புது முக்காடு, கண்ணில் ஒரு பளபளப்பு. "அவளைக் கொண்டு விட்டுட்டு, அந்த ஊர் மலையையும் ஒரு தடவை எட்டிப் பாத்துட்டு வரேன். மூணு மாசம் ஆகும். அண்ணன் சரின்னுட்டாரு."

கடல் தாண்டும் மனைவியை மாலின் மாராஜோ மலைத்துப்போய்ப் பார்த்தார். நூர்சாமைக்கூட அவர் இவ்வளவு அழகாகச் சொல்லவில்லை.

"அப்ப நான்?" என்றார். பெண்டாட்டி இல்லாத வீட்டில் புருஷனுக்கு இடமில்லை. மூட்டையைக் கட்டிக்கொண்டு அக்கா வீட்டுக்குப் போக வேண்டியதுதான். "நான் எங்க போறது?"

"நீங்க எங்கேயும் போக வேணாம். அண்ணன்கிட்ட சொல்லி உங்களை இங்கேயே இருக்க வச்சிருக்கேன்."

அவர் நெஞ்சு விம்மியது. ஒரு வழியாக இந்த வீட்டில் தனக்கும் ஒரு இடம்!

ரோஸ்னா பழுப்பு அட்டைப் புத்தகத்தை அவர் கையில் வைத்துவிட்டுப் படியிறங்கினாள். "நூர்சாமை விட்டுட்டு இனிமே உள்ள இருக்கறதைப் படிங்க. சேவலுக்குக் கழிச்சல்."