கொக்கு முனகிய ஒரு வரி

ஒரு காட்டில், வியட்நாம் பக்கத்துக் காடு, நெட் நன்றாகவே எடுக்கும், அங்கே லியென் என்று எறும்பு தின்னும் ஓர் அழுங்கு இருந்தாள். உடம்பெல்லாம் கெட்டிச் செதில், உள்ளே முழுக்கப் பயம். இலை விழுந்தாலும் வாலில் தொற்றியிருக்கும் குட்டியை வயிற்றுக்குள் இழுத்துக்கொண்டு பந்தாகச் சுருண்டுவிடுவாள்.

அந்தக் காடே கொரியக் கொக்குகளின் நிகழ்ச்சிக்கு அடிமை. வாரம் ஒருமுறை அந்தப் பாட்டுக்காரக் கொக்குகள் சேற்றில் ஓடிப்பிடித்து விளையாடும், காரமான நூடுல்ஸைத் தின்று கண்கலங்கும். கொக்குப் பாஷை லியெனுக்கு மட்டும்தான் தெரியும். அவள் மொழிபெயர்ப்பாள், குவாங் என்ற புனுகுப்பூனை நேரம் பார்த்துப் படத்தின் அடியில் ஒட்டுவான். காசு கிடையாது. கடைசியில் ஒரே ஒரு நொடி 'மொழியாக்கம்: லியென்' என்று வரும். மற்றபடி காட்டுக்கு அவள் 'குட்டியோட அம்மா'தான். அந்த ஒரு நொடிக்காக வாரம் முழுக்க உழைத்தாள்.

ஒருநாள் டே-சுக் என்ற கொக்கு, காட்டின் செல்லப்பிள்ளை, போட்டியில் தோற்றுச் சேற்றில் உட்கார்ந்து ஏதோ முனகினான். அந்த நேரம் பார்த்து லியெனின் குட்டி தும்மியது. சளியோ காய்ச்சலோ என்று சுருண்டவள்தான், நிமிரும்போது குவாங் வாசலில் நின்று, காடே காத்திருக்கிறது என்று நச்சரித்துக்கொண்டிருந்தான். திரும்பக் கேட்க நேரமில்லை. அந்த இடத்தில் மனதில் பட்டதை எழுதிவிட்டாள்: "அம்மா, நான் தோற்றாலும் எனக்குச் சோறு வைப்பாய்தானே?"

காடு உருகிப்போனது. முயல்கள் அதை டீ-ஷர்ட்டில் அச்சடித்தன. அம்மாவோடு மூன்று வருடம் பேசாத முள்ளம்பன்றி போன் போட்டுச் சாப்பிட்டாயா என்று கேட்டதாம்.

லியெனுக்குத்தான் உறுத்தல். மறுபடி போட்டுக் கேட்டாள். டே-சுக் சொன்னது இவ்வளவுதான்: "என் ஒரு கால் செருப்பைக் காணோம்."

திருத்தினாள். மன்னிப்பும் கேட்டாள். காடு கொதித்தது. எங்கள் பிள்ளையைச் செருப்புக்கு அழுகிறவனாக்கிவிட்டாளே என்றது எருமை. இவளுக்குக் கொக்குப் பாஷையே தெரியாது என்றது, அதில் ஒரு சொல்லும் அறியாத தவளை. குவாங் பழைய வரியையே திரும்ப ஒட்டி, அவள் பெயரைத் தூக்கிவிட்டான்.

அடுத்த மாதம் டே-சுக்கே ரசிகர்களைப் பார்க்கக் காட்டுக்கு வந்தான். குவாங் பல்லிளித்துக்கொண்டு லியெனிடம் ஓடிவந்தான்.

"அக்கா, நீங்கதான் பக்கத்துல நின்னு அவர் பேசுறதைச் சொல்லணும். உண்மை கிண்மைன்னு ஆரம்பிச்சிடாதீங்க."

"என் பேரு திரும்ப வருமா?"

"அது உங்க வாயிலதான் இருக்கு."

கூட்டம் அந்த வரியைக் கேட்டுக் கெஞ்சியது. சேற்றில் என்ன சொன்னாய் என்று லியென் கொக்குப் பாஷையில் கேட்டாள். டே-சுக் கழுத்தைச் சாய்த்து யோசித்தான்.

"செருப்பைத் தேடினேன். அப்புறம் கிடைச்சிடுச்சு, கவலைப்பட வேண்டாம்னு சொல்லுங்க."

லியென் கூட்டத்தைப் பார்த்தாள். அத்தனை கண்களிலும் தண்ணீர் தயாராக நின்றது. சுருண்டுகொள்ள மேடையில் இடமில்லை.

"அம்மா சோறு வச்சாங்களாம்," என்றாள்.

காடு தேம்பித் தேம்பி அழுதது. தன் ஒற்றைச் செருப்புக்காக ஒரு காடே இப்படி அழுகிறதே என்று டே-சுக்கும் அழுதான். அந்த வாரம் லியெனின் பெயர் முழுதாக இரண்டு நொடி நின்றது.

நீதி: உண்மையை ஒளிக்காமல் சொல், ஆனால் கேட்பவர்களுக்குத் தெரியாத பாஷையில் சொல்.