மூணுகுழாய் மண்டோரும் மூன்று பூப்பொட்டலமும்

மலாயாவில் கம்யூனிஸ்டுகள் காட்டுக்குள்ளிருந்து சண்டை போட்ட அவசரகாலத்தில் நெகிரி செம்பிலான் தோட்டங்களில் துப்பாக்கியோடு திரிந்தவர்கள் எத்தனையோ பேர். ஒரு தோட்டாகூடச் சுடாமல் ஒரு தோட்டத்தையே பாடாய்ப் படுத்தியவர் எங்கள் மூணுகுழாய் மண்டோர் என்கிற மேஸ்திரி ஒருவர்தான். இத்தனை வருஷம் கழித்தும் அவரை நினைத்தால் எனக்கு ரத்தம் கொதிக்கிறது. ரத்தக் கொதிப்புக்கு டாக்டர் மாத்திரை கொடுத்திருக்கிறார். மண்டோரை நினைக்காமலிருக்க ஒன்றும் கொடுக்கவில்லை.

நான் அப்போது ரெம்பாவ் பக்கத்து ரப்பர் தோட்டமொன்றில் டிரஸர். தோட்டத்து ஆஸ்பத்திரியில் புண்ணுக்கு மருந்து கட்டுவதும், காய்ச்சலுக்கு ஊசி போடுவதும், காய்ச்சலே இல்லாமல் வந்து படுக்கிறவர்களை எழுப்பி வேலைக்கு விரட்டுவதும் என் உத்தியோகம். துப்பாக்கிக்கும் எனக்கும் ஸ்நானப் பிராப்தி கிடையாது. அப்படிப்பட்டவனைத்தான் அந்த மனிதர் துப்பாக்கி விவகாரத்தில் இழுத்துவிட்டார்.

எங்கள் பெரிய தொரை, அதாவது வெள்ளைக்கார மானேஜர், சீமையிலிருந்து வரவழைத்த வேட்டைத் துப்பாக்கி ஒன்று வைத்திருந்தார். அதற்குக் கட்டை ஒன்று, குழாய் மூன்று. அணிலுக்கும் பறவைக்கும் சின்னக் குழாய். பன்றிக்கும் மானுக்கும் நடுக் குழாய். காட்டெருமைக்குப் பெரிய குழாய். எது வேண்டுமோ அதைக் கட்டையில் பூட்டி, அதற்கென்று செய்த தோட்டாவைப் போட்டுச் சுடவேண்டியது. ஒரு குழாயின் தோட்டா இன்னொன்றில் போகாது. தொரை வேட்டைக்குப் போனால் தோல் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போவதும், குழாய்களைக் கழற்றித் துடைத்து மாட்டுவதும் மண்டோர். மூன்றுக்கும் சின்னவன், நடுவன், பெரியவன் என்று பெயரும் அவர்தான் வைத்தார். பெற்ற பிள்ளைகளை அந்தப் பயல், அந்தச் சனியன் என்றெல்லாம் கூப்பிட்ட மனிதர், குழாய்களை மட்டும் ஒரு நாளும் மரியாதைக் குறைவாகப் பேசியதில்லை.

எந்தக் குழாய் மாட்டுவது என்று தொரை சொன்னால் மாட்டிவிட்டுப் போகவேண்டியதுதானே? மாட்டமாட்டார். பெட்டியை மூடி அதன்மேல் உட்கார்ந்துகொண்டு விசாரணையை ஆரம்பிப்பார். "என்னா மிருகம் தொரை? எம்புட்டுத் தூரம்? பின்னால என்னா இருக்கு?" இந்தக் கடைசிக் கேள்விதான் அவருக்கு உயிர். சுடுகிற மிருகத்துக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று தெரியாமல் குழாய் எடுக்கக் கூடாதாம். இவர் விசாரித்து முடிப்பதற்குள் மிருகம் பக்கத்துத் தோட்டத்துக்குப் போய்ச் சேர்ந்திருக்கும்.

இதைக் காட்டோடு நிறுத்திக்கொண்டிருந்தால் நான் ஏன் கத்தப் போகிறேன்? கூலிக்காரர் குடியிருப்பான லயத்தில் யாராவது மாப்பிள்ளை பார்த்தால், "பையன் நல்லவந்தான். பின்னால என்னா இருக்கு?" என்று கேட்டு நல்ல சம்பந்தங்களையெல்லாம் கெடுத்தார். மலேரியாக் காய்ச்சலுக்கு நான் வரிசையாக ஊசி போட்டுக்கொண்டிருந்த ஒரு காலையில் ஆஸ்பத்திரி வாசலில் வந்து நின்றார்.

"என்னா டிரஸரு, பச்சப் புள்ளைக்கும் கெழவனுக்கும் ஒரே ஊசியா? தொரை துப்பாக்கிக்கே மூணு குழா இருக்கு. மனுசனுக்கு அந்த மரியாத கூடக் கெடையாதாலா?"

அவ்வளவுதான். வரிசையில் நின்ற அத்தனை பேரும் கையை மடக்கிக்கொண்டார்கள். "எனக்குச் சின்னவன் போடுங்கய்யா" என்று ஆளாளுக்குக் கேட்க ஆரம்பித்துவிட்டார்கள். எருமை மாதிரி இருந்த லாரிக்காரன்கூட "சின்னவன்" என்றான். எனக்கு வந்த ஆத்திரத்தில் அவனுக்கு இருப்பதிலேயே பெரிய ஊசியாகப் போட்டேன்.

பிறகு அவசரகாலம் வந்தது. மேட்டிலும் பள்ளத்திலும் சிதறிக் கிடந்த லயங்களையெல்லாம் பெயர்த்து ஒரே இடத்தில் கொண்டுவந்து போட்டார்கள். சுற்றிலும் முள்கம்பி. வாசலில் காவல். பொழுது சாய்ந்தால் யாரும் வெளியே போகக் கூடாது. புது லயங்கள் அமைந்த இடம் ஒரு சரிவின் அடிவாரம். அந்தச் சரிவில்தான் தொரை புதிதாகக் கித்தா என்கிற ரப்பர்க் கன்று நட்டிருந்தார். கன்று நட்டால் காட்டுப் பன்றி வரும். பன்றி வந்தால் தொரை துப்பாக்கியைத் தூக்குவார்.

ஒரு சாயங்காலம் தொரை சரிவின் உச்சியில் போய் உட்கார்ந்தார். பன்றி கன்றுகளுக்கு நடுவே நின்றது. "பெரிய குழாய் போடு" என்றார்.

"வேணாம் தொரை, நடுவன் போதும். பெரியவனுக்கு நிக்கத் தெரியாது. பன்னிக்குப் பின்னால லயம் இருக்கு."

"நடுக் குழாய் தோட்டா முடியப் போகுது. நீ பேசாதே, போடு!"

மண்டோர் போட்டார். தொரை சுட்டார். பன்றி வாலைத் தூக்கிக்கொண்டு ஓடிப்போயிற்று. தோட்டா நேரே கீழே இறங்கி, ராசம்மா என்கிற பால்வெட்டுக்காரியின் பலகைச் சுவரைத் துளைத்து, அடுப்பில் கொதித்துக்கொண்டிருந்த சோற்றுப் பானையை உடைத்தது. அடுப்பை ஊத அவள் குனிந்திருந்தாள். குனியாமலிருந்தால் நான் மருந்து கட்ட வேண்டிய அவசியமே இருந்திருக்காது. கொதிக்கிற கஞ்சி காலில் கொட்டிக் கொப்பளித்த புண்ணோடு அவளைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள்.

தொரை என்ன செய்தார் தெரியுமா? மறுநாள் காலை ஒரு புதுப் பானை அனுப்பினார். அதோடு விவகாரம் முடிந்ததாம்! ஒரு பொம்பளையின் உயிருக்கு ஈடு ஓர் அலுமினியப் பானையா?

மண்டோர் ஆஸ்பத்திரிக்கு வந்து ராசம்மாவின் காலைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஊசியைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவர் பேசாமல் போனது எனக்கு அன்றைக்குத்தான் முதல் தடவை பயமாக இருந்தது.

அந்தச் சமயம் பார்த்துப் போலீசிலிருந்து உத்தரவு வந்தது. தோட்டத்தில் ஒரு துப்பாக்கிக்கு ஒரு குழாய்தான் இருக்கலாம். மற்றவற்றை ரெம்பாவ் ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட வேண்டும். எதை வைத்துக்கொள்வது? நடுவன்தான் பன்றிக்குச் சரி. ஆனால் அதற்குத் தோட்டா தீர்ந்துகொண்டிருந்தது, புதிதாகக் கிடைக்கும் வழியும் இல்லை. சின்னவனுக்குப் பெட்டி பெட்டியாகத் தோட்டா இருந்தது, ஆனால் அணில்தான் விழும். தொரைக்கு இதில் யோசனையே இல்லை. பெரட்டுக் களத்தில், காலையில் ஆள் பெயர் கூப்பிடும் இடத்தில், எல்லார் முன்னாலும் சொன்னார்.

"பெரிய குழாய் இருக்கட்டும். காட்டுலேருந்து ஆள் வந்தா அணில் குழாய்லயா சுடறது?"

ராசம்மா கட்டுப்போட்ட காலோடு நின்றாள். பெரிய குழாய் தங்கினால் அடுத்த பன்றிக்கு எந்த வீட்டுச் சுவர் என்பது எல்லாருக்கும் தெரிந்த விஷயம். ஆனால் தொரை சொன்னதற்கு இல்லை என்று சொல்ல எந்தத் தோட்டத்தில் எவனுக்கு வாய் இருந்தது? சொன்னவன் மறுநாள் மூட்டை கட்டவேண்டியதுதான். எனக்கும் வாய் இல்லை. மண்டோர் மட்டும் முன்னால் வந்து, தலையிலிருந்த பழைய தொப்பியைக் கழற்றினார்.

"தொரை, போன ஆயுத பூசைக்கு மூணு குழாயையும் ஆத்தா காலடியில வெச்சுப் பொட்டு வெச்சோம். நீங்களும் மால போட்டுக்கிட்டு நின்னீங்க. அவ காலடியில ஒன்னா வெச்சத அவளக் கேக்காமப் பிரிக்கலாமா?"

களம் முழுக்க "ஆமா, ஆமா" என்று முணுமுணுப்பு எழுந்தது. அந்த மாலையோடு எடுத்த போட்டோவைத் தொரை ஆபீஸில் மாட்டி வைத்திருந்தார். சிரித்துக்கொண்டே, "சரி, கேளு. கேட்டுட்டுப் பெரிய குழாய் கொண்டா" என்றார்.

கேட்பதென்றால் மாரியம்மன் கோயிலில் பூக்கட்டிப் பார்ப்பது. மூன்று நிறப் பூவை மூன்று வெற்றிலையில் தனித்தனியாக மடித்து, வாழை நாரால் கட்டித் தட்டில் குலுக்கிப் போடுவார்கள். ஒன்றை எடுத்துப் பிரித்தால் ஆத்தாவின் வாக்கு. வெள்ளை என்றால் சின்னவன், சிவப்பு என்றால் நடுவன், மஞ்சள் என்றால் பெரியவன் என்று மண்டோர் லயம் லயமாகப் போய் அறிவித்துவிட்டார். வழக்கமாகப் பொட்டலத்தை ஒரு குழந்தைதான் எடுக்கும். இவர் என்ன செய்தார்? நேரே ஆஸ்பத்திரிக்கு வந்தார்.

"டிரஸரு, நீங்கதான் எடுக்கணும்."

"யோவ், நான் வேதக்காரன்யா! ஞாயித்துக்கிழமை கோயில்ல பைபிள் வாசிக்கிறவன்!"

"அதுக்குத்தான் கேக்குறேன். எங்க ஆத்தாவுக்கும் உங்களுக்கும் உள்பேச்சு இருக்காதுல்ல?"

மாட்டேன் என்று என் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். அவர் ராசம்மாவைக் கூட்டிக்கொண்டு வந்து வாசலில் உட்கார வைத்தார். அவள் கட்டுப்போட்ட காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள், அவ்வளவுதான். நான் என்ன செய்ய?

வெள்ளிக்கிழமை சாயங்காலம் கோயிலில் தோட்டமே கூடியிருந்தது. தொரை சப்பாத்தைக் கழற்றிவிட்டுக் காலுறையோடு நின்றார். மண்டோர் தட்டைக் குலுக்கி என் முன்னால் நீட்டினார். நான் மனதுக்குள் ஒரு ஜெபம் சொல்லிக்கொண்டு, கண்ணை மூடி, கைக்கு வந்ததை எடுத்தேன். பிரித்தேன். வெள்ளைப் பூ.

பொம்பளைகள் குலவை போட்டார்கள். தொரையின் முகம் தக்காளியாய்ச் சிவந்துபோயிற்று.

"என்னா இது? அணில் குழாயா? மத்தப் பாக்கெட் ரெண்டையும் பிரி மண்டோர், நான் பாக்கணும்!"

மண்டோர் அதற்குள் மற்ற இரண்டு பொட்டலத்தையும் மடியில் சொருகியிருந்தார். அந்த மனிதருக்கு அப்படிக் கோபம் வந்து நான் பார்த்ததே இல்லை. மீசை துடித்தது.

"ஆத்தாளையே செக் பண்ணுவீங்களா தொரை? நானா எடுத்தேன்? எங்க ஆளா எடுத்தான்? உங்க வேதக்காரர் எடுத்தாரு! அவரு கையும் பொய்யா?"

அத்தனை கண்ணும் என்மேல் திரும்பின. தொரையும் பார்த்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் அவருக்கு இரண்டு பெஞ்சு பின்னால் உட்காருகிறவன் நான். ராசம்மா எழுந்து நின்றாள். அவளைப் பார்த்து இன்னொருத்தி, பிறகு எல்லாருமே எழுந்து நின்றார்கள். தொரை கூட்டத்தை ஒரு தடவை பார்த்தார். சப்பாத்தை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் குழாய் இரண்டையும் ஒப்படைக்க என்னையும் இழுத்துக்கொண்டு ரெம்பாவ் போனார் மண்டோர். அங்கிருந்த போலீஸ்காரர் பெரியவனை வாங்கி, மூலையில் விளக்குமாற்றுப் பக்கத்தில் சாத்தி வைத்தார். மண்டோர் பொங்கிவிட்டார்.

"விளக்கமாத்துக் கூடவா வெப்பீங்க? காட்டெரும அடிச்ச கொழாய்லா அது! ஈரம் படக்கூடாது, தேங்கா எண்ண போடக்கூடாது!"

போலீஸ்காரருக்குத் தமிழ் தெரியாதது எங்கள் அதிர்ஷ்டம். திரும்பி வரும்போது பஸ்ஸில் மண்டோர் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். எல்லாவற்றையும்விட அவர் பிரியமாக வைத்திருந்தது பெரியவனைத்தான். 'நாம்தானே அந்தப் பூவை எடுத்தோம்' என்று எனக்கும் மனசு உறுத்தியது. எனக்குப் போய் உறுத்தியது பாருங்கள்!

அணில் குழாயைத் தொரை அதற்குப் பிறகு தொடவே இல்லை. மண்டோர்தான் விடியற்காலையில் காவல்காரர்களோடு சரிவுக்குப் போய், குழாய் துடைக்கிற இரும்புக் கம்பியால் மண்ணெண்ணெய் டின்னை அடித்துப் பன்றி விரட்டினார். கன்று பாதி பிழைத்தது. லயத்துச் சுவர்களில் புதிதாக ஓட்டை எதுவும் விழவில்லை. எனக்கு மட்டும் உபதேசியார் பைபிள் வாசிக்கத் தடை போட்டு, கடைசி பெஞ்சில் உட்கார வைத்தார். சிலைக்கு முன்னால் பூ எடுத்த கையாம்.

பிறகு எனக்கு லுக்குட் பக்கத்துத் தோட்டத்துக்கு மாற்றலாயிற்று. மண்டோர் என் டிரங்குப் பெட்டியைத் தலையில் தூக்கிக்கொண்டு பஸ் வரைக்கும் வந்தார்.

"டிரஸரு, ஒன்னு சொன்னாக் கோவிச்சுக்கக் கூடாது."

"நீங்க சொல்லாமலேயே கோவமாத்தான் இருக்கேன்."

"அன்னிக்கு மூணு பொட்டலத்துலயும் வெள்ளப் பூதான்லா."

பஸ் வந்து நின்றது. எனக்கு ஏறத் தோன்றவில்லை. கடைசி பெஞ்சில் உட்கார்ந்த ஞாயிற்றுக்கிழமைகள் எல்லாம் கண் முன்னால் வந்தன.

"அடப்பாவி மனுசா! ஆத்தா பேர்லயா பொய் சொன்னீங்க?"

"ராசம்மா பான ஒடஞ்சப்பவே ஆத்தா சொல்லிட்டா. அப்புறம் என்னாத்துக்கு நான் தனியாக் கேக்கணும்?"

"அப்ப என்னைய எதுக்குய்யா இழுத்தீங்க? ஏதாவது கொழந்தைய எடுக்கச் சொல்லியிருக்கலாமே!"

"கொழந்த எடுத்தா, இன்னொரு தடவ எடுன்னு தொரை சொல்லியிருப்பாரு. உங்ககிட்டச் சொல்ல முடியாது, நீங்க அவரு வேதத்து ஆளு. தொரைக்குப் பின்னால என்னா இருக்குன்னு பாத்துத்தான் குழாய எடுத்தேன்."

என்னையே ஒரு குழாயாக மாட்டிச் சுட்டிருக்கிறார் மனிதர்! அந்தக் கோபத்திலும் கேட்காமலிருக்க முடியவில்லை.

"நான் எந்தக் குழாய்?"

"நீங்க நடுவன், டிரஸரு. சத்தம் கம்மி. போவ வேண்டிய எடத்துக்குப் போவும்."

பெட்டியைப் பஸ்ஸில் ஏற்றிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் போய்விட்டார். அதற்குப் பிறகு நான் அவரைப் பார்க்கவில்லை. இன்றைக்கும் வெள்ளைப் பூவைப் பார்த்தால் எனக்குக் கோபம்தான் முதலில் வருகிறது. அந்தக் கோபம் இறங்குவதற்குள், அந்த மனிதர் எங்கிருந்தாவது வந்து இன்னும் ஒரே ஒரு தடவை என்னை ஏமாற்றிவிட்டுப் போகமாட்டாரா என்று இருக்கிறது.