காலை ஒடித்துக் கையில் கொடுத்த ஆல்பம்

அன்பு மச்சான் பழனிவேல் அவர்களுக்கு நெய்வேலியிலிருந்து சண்முகசுந்தரம் எழுதிக்கொள்வது. இங்கே நானும் உங்கள் தங்கை திலகவதியும் நலம். அங்கே உங்கள் நலத்தையும் என் தங்கை அன்புக்கரசியின் முழங்கால் நலத்தையும் அறிய ஆவல். நலம் என்பது வழக்கத்துக்கு எழுதியது. உண்மையில் நலமில்லை.

நீங்கள் பார்த்துக் கொடுத்த சேத்தியாத்தோப்பு சம்பந்தம் கைநழுவிவிடும் போலிருக்கிறது. காரணம் உங்கள் மருமகள் வெண்மதிதான். போன மாதம் வந்து, "அப்பா, நானும் ஜெனிஷாவும் உமாராணியும் கேங் ஆரம்பிச்சிருக்கோம்" என்றாள். மைன்ஸில் கேங் என்றால் கன்வேயர் பெல்ட்டைத் தூக்கி மாற்றுகிற ஆட்கள். இன்றைக்குக் கான்ட்ராக்ட், நாளைக்குப் பெர்மனென்ட் என்று மனசு குளிர்ந்து, என் ஹெல்மெட், கம்பூட் எல்லாம் எடுத்துக் கொடுத்தேன். பிளாக் முழுக்க, "எம் பொண்ணு கேங்ல சேந்துட்டா" என்று சொல்லிக்கொண்டும் திரிந்தேன். அப்புறம்தான் தெரிந்தது, இது கேங்ஸ்டா ராப்பாம். பாட்டு மாதிரி இருக்கிறது, ஆனால் சண்டை. ஆல்பம் போடுகிறோம் என்றாள். ஆல்பம் என்றால் கல்யாண ஆல்பம் என்று பதறி, மாப்பிள்ளை யாரென்று நான் கத்தியதில் ஒரு நாள் போயிற்று.

பாட்டுப் பதிவு எங்கே என்கிறீர்கள்? நம் குவார்ட்டர்ஸ் பின்பக்கத்தில், எதிரொலி வராமலிருக்க உங்கள் தங்கையின் பட்டுப்புடவைகளைச் சுற்றிலும் தொங்கவிட்டு. அன்றைக்கென்று பார்த்து வேலி தாண்டி வந்த மாடு என் கத்தரிச்செடியில் வாய் வைத்தது. சும்மா இருப்பேனா? "இன்னொரு தடவ எம் பக்கம் வந்தே, கால ஒடச்சிக் கையில குடுத்துருவேன்!" என்று கத்தினேன். அது அப்படியே பதிவாகி, நாலு வரிக்கு ஒரு தடவை பாட்டில் நான் வருகிறேன். பாட்டு போன் போனாக ஊரெல்லாம் பரவிவிட்டது. மாட்டுக்குக் கை ஏது என்று ஒருத்தரும் யோசிக்கவில்லை. கம்பெனி பஸ்ஸில் டிரைவர், "அண்ணே, நின்னுக்கினு வராதீங்க, முன்னாடி குந்துங்க. கால மட்டும் ஒடச்சிறாதீங்க" என்கிறார். சர்வீஸ் முழுக்க என்னை அதட்டிய இன்ஜினியர் இப்போது "சார்" போடுகிறார். பக்கத்து பிளாக்குகளில் புதுசு புதுசாகக் கேங் கிளம்பியிருக்கிறது. அந்தப் பிள்ளைகளும் அப்பாவைத் தோட்டத்துக்கு அனுப்பிவிட்டுப் போனும் கையுமாகக் காத்திருக்கின்றன. மாடு மட்டும் தினமும் வந்துகொண்டுதான் இருக்கிறது.

விளையாட்டில்லை மச்சான், பயமாக இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளை வீட்டார் வருகிறார்கள். ரவுடி வீட்டில் யார் பெண்ணெடுப்பார்கள்? நான் கண்டித்தால், "அப்பா, இன்னொரு தடவ அப்படியே சொல்லுங்க" என்று போனை நீட்டுகிறாள். தாய்மாமன் நீங்கள் சனிக்கிழமையே வந்து நன்றாகத் திட்டி, அந்த ஆல்பத்தை அழிக்கச் சொல்ல வேண்டும்.

தங்கைக்கு என் ஆசிகள். முழங்காலுக்குத் தைலம் வாங்கி வைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
மாட்டைத் தவிர யாரையும் மிரட்டியறியாத
சண்முகசுந்தரம்

பி.கு.: கவரை ஒட்டப்போகும் நேரத்தில் மாப்பிள்ளையின் அப்பா ஜெயராமன் போன் பண்ணினார். அவர் வயலிலும் மாட்டுத் தொல்லையாம். என் பாட்டை ஸ்பீக்கரில் போட்டு வரப்பில் வைத்தாராம், ஒரு மாடு எட்டிப் பார்க்கவில்லையாம். "பொண்ணு கல்யாணத்துக்கு அப்புறமும் பாடட்டும் சம்பந்தி" என்றார். சம்பந்தி என்றே சொல்லிவிட்டார் மச்சான், எனக்குக் கண் கலங்கிவிட்டது. ஆகவே ஆல்பம் இருக்கட்டும். நீங்கள் மட்டும் கட்டாயம் வந்துவிடுங்கள். அடுத்த ஆல்பத்துக்குத் தாய்மாமன் குரல் வேண்டுமாம். இந்தக் கடிதம் படித்துவிட்டு வருகிற கோபத்தை வழியில் கண்டக்டரிடம் செலவழித்துவிடாமல், அப்படியே கொண்டுவரவும்.