சிரிக்காமல் போன பிணம்

கோவளம்

அன்புள்ள ஜோயலுக்கு,

பெரியம்மா ஜாய்ஸ் எழுதுவது. ஆண்டவர் கிருபையால் இங்கே எல்லோரும் சுகம் என்று தொடங்கத்தான் கன்னியாஸ்திரீகள் எனக்குக் கற்றுக்கொடுத்தார்கள். உன் பெரியப்பா இறந்து மாதங்கள் ஆகியும், அந்த ‘எல்லோரும்’ என்பதில் அவரைச் சேர்ப்பதா கூடாதா என்று எனக்குத் தெரியவில்லை.

நீ படத்தொகுப்பாளன், உனக்குத் தெரியாததில்லை. வாழ்நாள் முழுக்க அவர் சினிமாவில் பிணமாக நடித்தவர். கதாநாயகனுக்கு அப்பாவாகச் செத்தார், பண்ணையாராகச் செத்தார், ஒரே பக்திப் படத்தில் இரண்டு முறை செத்தார். ஒவ்வொரு முறையும் ஷாட் முடிந்ததும் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்துச் சிரிப்பார். பிணமாக நடித்தவர் சிரித்து, அதையும் படம்பிடித்தால்தான் நடித்த சாவு நிஜமாகாது என்பது உங்கள் தொழில் வழக்கம். வீட்டில் அந்தச் சிரிப்பை நான் ஒருநாளும் கண்டதில்லை.

கடைசியாக மாமல்லபுரத்தில் கரை ஒதுங்கிய பிணமாகப் படுத்தார். டைரக்டர் ஹேமந்த் கட் சொல்லியும் எழவில்லை. “சார் இன்னாமா நடிக்கிறாரு பாரு!” என்று கைதட்டிவிட்டு யூனிட் முழுவதும் மத்தியானச் சாப்பாட்டுக்குப் போய்விட்டது. அத்தனை திறமை! திரும்பி வந்து தொட்டுப் பார்த்துத்தான் செங்கல்பட்டு ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். சிரிப்பு ஷாட் எடுக்கவே இல்லை.

ஆகவே அவர் சரியாகச் சாகவில்லை என்று நினைக்கிறேன். டிவியில் அவருடைய பழைய படம் போட்டால், பாடையில் கிடப்பவர் கண்ணைத் திறந்து என்னையே பார்க்கிறார். வேலைக்கு வரும் எல்லம்மாள் பாத்திரத்தைப் போட்டுவிட்டு ஓடிவந்து, “இன்னாம்மா இது, ஐயா முழிச்சிகினு கீறாரு! அமுத்தும்மா டிவிய!” என்று அலறினாள். “நடிப்பில் பிழை, போய் வேலையைப் பார்” என்றேன். அணைத்த பிறகும் கறுப்புத் திரையில் அவர் இருந்தார். நேற்றிலிருந்து ஹாலில் ஈரமணல் வேறு, பெருக்கப் பெருக்க மறுபடி கிடக்குது, காலைக் கழுவிட்டு உள்ளே வாங்கன்னு கல்யாணம் ஆன நாளிலிருந்து சொல்றேன், இந்த மனுஷன் கேட்டால்தானே?

நீ ஒன்று செய். பழைய படம் எதிலாவது அவர் எழுந்து சிரித்த துண்டு கிடைத்தால், இப்போது நீ தொகுக்கும் இந்தக் கடைசிப் படத்தில் அவர் பிணமாகக் கிடக்கும் காட்சிக்குப் பின்னால் ஒட்டிவிடு. படம் வெளியாவதற்குள் ஒட்டிவிடு. மனுஷன் நிம்மதியாகப் போய்ச் சேரட்டும்.

மருமகள் அன்பரசிக்கும் குழந்தைக்கும் என் ஆசீர்வாதமும் ஜெபமும் என்றும் உண்டு.

இப்படிக்கு,
பெரியம்மா
ஜாய்ஸ் தேவசகாயம்

பி.கு.: உறையை ஒட்டும் நேரத்தில் நீயே போன் செய்துவிட்டாய். அன்று எடுத்ததிலேயே அந்தச் சிரிப்பு இருக்கிறது, சாயங்கால வெளிச்சத்தில் பெரியப்பா மணலிலிருந்து எழுந்து உட்கார்ந்து சிரிக்கிறார் என்கிறாய். அந்தச் சாயங்காலம் நான் செங்கல்பட்டில், பிணவறையில், அவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஜோயல், அதைப் படத்தில் ஒட்டாதே. எனக்கு மட்டும் அனுப்பு. மணலைப் பெருக்க வேண்டாம் என்று எல்லம்மாளிடம் சொல்லிவிட்டேன்.