கிணற்றை மறைத்த முகம்

பெருமாள் படைத்த மனிதரில் எத்தனையோ வகை. ஊர்க் கஷ்டத்தைப் படம் எடுக்க வந்து, தன் முகத்தை எடுத்துக்கொண்டு போகிறவர் அதில் ஒரு வகை. நீங்களும் பார்த்திருப்பீர்கள். நாலு நாள் தாடி, தோளில் துண்டு, நெற்றியில் ஒரு கவலை. வெயிலில்தான் நிற்பார், முகத்தில் எந்தப் பக்கம் வெயில் விழவேண்டும் என்று பார்த்து நிற்பார்.

கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டைக்குப் பின்னால் இருக்கிற எங்கள் தெருவுக்கு வந்தவர் ப்ரஹ்லாத், திருநின்றவூர்க்காரர். தெருவுக்கு ஒரே கிணறு. தண்ணீர் துரு நிறமாகி இரண்டு வருஷம். எதிர்வீட்டுப் பூவம்மாளின் மகளுக்கு உடம்பெல்லாம் சொறி. மனுவோடு படத்தையும் அதிகாரி பார்த்தால் குடிநீர்க் குழாய் வரும் என்று நம்பியிருந்தோம்.

பூவம்மாள் பேச வாய் திறந்தால் இவர் பெருமூச்சு விடுவார், கேமரா பெருமூச்சை எடுக்கும். அவள் குடம் தூக்கினால் வாங்கித் தன் தோளில் வைத்துக்கொள்வார். அவள் அழுதால் இவர் கண்ணைத் துடைத்துக்கொள்வார். கிணறு? அவர் முதுகுக்குப் பின்னால் எங்கேயோ.

"நைனா, கொஞ்சம் நவுந்துக்க. தண்ணிய காட்டுப்பா," என்றாள் பூவம்மாள்.

"என் மூலமாத்தாம்மா ஜனங்க தண்ணிய பாக்கணும்."

"ஏன், தண்ணிக்குன்னு ஒரு மூஞ்சி இல்லியா?"

கடைசியில், அந்தத் தண்ணீரையே அவர் குடிப்பதாக ஒரு காட்சி. குடிப்பாரா? பையிலிருந்த பாட்டில் தண்ணீரைச் சொம்பில் ஊற்றி, கோயில் தீர்த்தம் போலக் கண்மூடிக் குடித்தார்.

திருவள்ளூரில் அதிகாரி முழுப் படமும் பார்த்தார். "ஒரு சொம்பு குடிச்சிட்டு சார் நல்லாத்தானே இருக்காரு? அப்புறம் தண்ணிக்கு என்னம்மா கொறை?"

"ஐயோ, அது பாட்டில் தண்ணி சார்!" என்றாள் பூவம்மாள்.

அதிகாரி ப்ரஹ்லாதைப் பார்த்தார். ஒரே ஒரு 'ஆமாம்' சொன்னால் போதும், தெருவுக்குக் குழாய்.

"என் படத்துல பொய்யே கெடையாது சார்," என்றார் ப்ரஹ்லாத்.

மனுவை மூடிவிட்டார்கள்.

அவரை மட்டும் திட்டி என்ன பயன்? அதிகாரி பார்ப்பதற்கு இரண்டு நாள் முன்பே படம் எங்கள் போனில் வந்தது. தெருவே கூடிப் பார்த்தோம். "கெணறு எங்கடா? இந்தச் சொம்பு நம்மள கவுத்துடும்டா!" என்று பூவம்மாள் கத்திக்கொண்டே இருந்தாள். யார் காதில் விழுந்தது? அவர் தோளுக்குப் பின்னால் தெரிவது என் நெற்றி நாமம்தானா என்று நான் நாலு தடவை ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

சிரிக்கிறீர்களா? சிரியுங்கள். போன மாசக் கல்யாண போட்டோவில், பெண்ணையும் மாப்பிள்ளையையும் விட்டுவிட்டு, நீங்கள் முதலில் தேடியது யாரை?