ராட்சச கணத்து டி.எல்.எல்.

வெண்ணந்தூர்ப் பிரிவு ரோட்டில் காலியாகக் கிடந்த முட்டைக் குடோன், ஒரே ஆடி மாதத்தில் திருத்தலமாகிவிட்டது. ராசிபுரத்திலிருந்து வரும் டவுன் பஸ்ஸில் மடிக்கு மடி கம்ப்யூட்டர் பெட்டி. துண்டில் சுற்றியது, பழைய சேலையில் சுற்றியது, கன்னத்தில் திருஷ்டிப் பொட்டு வைத்தது. "கொழந்தைக்கு டிக்கெட் எடுத்தாச்சுங்களா?" என்று கண்டக்டர் கேட்கும் அளவுக்குப் போய்விட்டது.

எல்லாம் டி.எல்.எல். சித்தரின் மகிமை. பூர்வாசிரமப் பெயர் குமரகுரு. போன வருஷம் வரை உள்ளங்கையில் தேங்காயை வைத்துக்கொண்டு போர்வெல்லுக்குத் தண்ணீர் பார்த்தவர். தண்ணீர் வராத வயற்காடுகள் பெருகிப் போகவே, யாருக்கும் புரியாத தொழிலாகப் பார்த்து மாறினார்.

கம்ப்யூட்டருக்குள் டி.எல்.எல். என்ற வகைக் கோப்புகள் ஆயிரக்கணக்கில் உண்டு. நாலு காட்டுக்காரர்கள் ஒரு பொதுக்கிணற்றில் தண்ணீர் எடுப்பதுபோல, பல புரோகிராம்கள் ஒரே கோப்பைப் பங்கு போட்டுக்கொள்ளும். அதைக் காணோமென்றால் 'இன்ன டி.எல்.எல். இல்லை' என்று திரையில் ஒரு கட்டம் வரும். விஷயம் அவ்வளவுதான். சித்தர் அவ்வளவோடு விடுவாரா? பங்கு போடுகிற இடத்தில் பாவமும் பங்காகும் என்றார். கோப்புக்கு நட்சத்திரம் உண்டு என்றார். பெயர் 'பி'யில் தொடங்கினால் பூசம், தேவ கணம். 'எம்'மில் தொடங்கினால் மகம், ராட்சச கணம். பிடுங்கியே ஆக வேண்டும். ஜனங்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள்.

குழந்தைவேலும் போட்டுக்கொண்டான். ராசிபுரத்தில் பட்டுச்சேலைக்கு டிசைன் போட்டுத் தரும் கடை அவனுடையது. டிசைன் போடுவது மனைவி ரஞ்சிதா. அவன் போடுவது சாம்பிராணி. கம்ப்யூட்டர் கொஞ்சம் மெதுவாக ஓடுகிறது என்று அவள் சொன்னது அவன் மனதில் அரித்துக்கொண்டே இருந்தது. அவள் அம்மா வீட்டுக்குப் போன நாளில் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறிவிட்டான்.

சித்தர் விபூதி பூசிய பென்டிரைவைச் செருகி நாடி பார்த்தார். கண்ணை மூடியபடியே மவுசை நகர்த்தினார். பிறகு டிசைன் புரோகிராமைத் திறக்கப் பார்த்தார். திறக்கவில்லை. 'டி.எல்.எல். இல்லை' என்று கட்டம் வந்தது.

"பாத்தீங்களா சாமி? இத்தன நாள் ஒளிஞ்சிருந்தவன் இப்ப மொகத்தக் காட்டிட்டான். மூணு அமாவாசை பூசை போடோணும்."

குழந்தைவேல் பெட்டியை விட்டு இரண்டடி தள்ளி நின்றான். இத்தனை நாள் ஒரு ராட்சசனோடு ஒரே அறையில் உட்கார்ந்து டீ குடித்திருக்கிறோமே என்று நடுங்கிப் போனான்.

அன்று சாயங்காலம் ரஞ்சிதா திரும்பி வந்து கதையைக் கேட்டாள்.

"ஏனுங்க, காலைல ஓடுச்சுங்களா?"

"ஓடுச்சு."

"அவரு தொட்டதுக்கப்புறம்?"

"ஓடல."

"அப்ப ராட்சசன் ஆருங்க?"

"சாமி குத்தம் வந்துரும் அம்மிணி, அப்படியெல்லாம் பேசாத" என்றான். ஆனால் ஐப்பசி முகூர்த்தச் சேலைகளுக்கான டிசைன் அத்தனையும் அந்தப் பெட்டிக்குள் மாட்டிக்கொண்டிருந்தது. டிசைன் வராமல் தறிகள் நின்றன. நெசவாளிகள் கடை வாசலில் வந்து நின்று அவன் முகத்தைப் பார்த்தார்கள்.

அடுத்த வெள்ளிக்கிழமை அமாவாசை. ரஞ்சிதா, "நானும் வாரேன்" என்றாள். பெண்டாட்டிக்குப் பக்தி வந்துவிட்டதென்று குழந்தைவேலுக்கு ஏக சந்தோஷம். பெட்டியை மடியில் வைத்தபடி பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரரிடமெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தான்.

குடோனில் பெரிய திரை, ஸ்பீக்கர், மைக் எல்லாம் உண்டு. ரஞ்சிதா கைகூப்பித் தன் பென்டிரைவைக் கொடுத்தாள்.

"சாமி, இதுல ரெண்டு டி.எல்.எல். இருக்குதுங்க. ஒண்ணு பி, இன்னொண்ணு எம். கணம் பாத்துச் சொல்லோணும்."

சித்தர் முதல் கோப்பின் மேல் எலுமிச்சம்பழத்தைச் சுற்றினார். "பூசம். சுத்தமான தேவ கணம். உள்ள ஒரு மகரிஷி தவத்துல இருக்கறாரு. கம்ப்யூட்டர அணைக்கும்போது கும்புட்டுட்டு அணைங்க." இரண்டாவதைப் பார்த்ததும் உடம்பை உலுக்கிக்கொண்டார். "மகம். ரத்தம் கேக்கறான். இன்னிக்கே பொதைக்கோணும்."

"பொதைக்கறதுக்கு முன்னாடி அவங்க குரல ஒருக்காக் கேட்டர்லாங்களா?" என்று கேட்டபடியே ரஞ்சிதா மவுசை வாங்கினாள். இரண்டு கோப்புப் பெயர்களின் வாலிலும் இருந்த 'டி.எல்.எல்.' என்பதை அழித்து, பாட்டுக் கோப்புகளுக்குப் போடும் 'எம்.பி.3' என்று அடித்தாள். மகரிஷியைத் தட்டினாள்.

ஸ்பீக்கரில் குறட்டை கிளம்பியது. லோடு லாரி மேட்டில் ஏறுவதுபோல இழுத்து, நின்று, விசிலடித்து, மறுபடி இழுத்தது. குழந்தைவேலுக்கு எங்கேயோ கேட்ட குரலாக இருந்தது. அடுத்து ராட்சசனைத் தட்டினாள். அதே குறட்டை, அதே விசில். நடுவில் தூக்கக் கலக்கத்தில், "ரஞ்சி, ஃபேனக் கொஞ்சம் வெய்யி" என்று ராட்சசன் கெஞ்சினான்.

குடோனே திரும்பிக் குழந்தைவேலைப் பார்த்தது. அவன் துண்டால் முகத்தை மூடிக்கொண்டான்.

"ரெண்டும் ஒண்ணுதானுங்க. ஊட்டுக்காரரு தூங்கறதப் பதிவு பண்ணி ரெண்டு பேரு வெச்சேன்" என்றாள் ரஞ்சிதா.

போர்வெல் போடும் ரிக் வண்டி ஆபீஸ் நடத்தும் வேல்முருகன் தன் மூன்றாவது அமாவாசைப் பூசைக்கு வந்து காத்திருந்தவர். எழுந்து போய் விபூதித் தட்டில் இருந்த சித்தரின் பென்டிரைவை எடுத்துச் செருகினார். வந்தவர்கள் பெட்டியிலிருந்து காணாமல் போன கோப்புகள் எல்லாம் அதற்குள் பத்திரமாக இருந்தன. ரஞ்சிதா ஒன்றின் மேல் மவுசின் வலது பொத்தானை அழுத்திக் காட்டினாள். "ஆரு பண்ணுனது, எத்தனாவது பதிப்பு, எல்லாம் இதுலயே போட்டிருக்குதுங்க. இதுக்குப் பஞ்சாங்கம் எதுக்கு?"

சித்தர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு கொல்லைப்பக்கம் நகர்ந்தார். வேல்முருகன் தோளை அமுக்கி உட்கார வைத்தார். பொழுது இறங்கும் வரை சித்தர் ஒவ்வொரு பெட்டியாகத் திறந்து, திருடிய கோப்பைத் திருப்பிப் போட்டுக் கொடுத்தார். அவர் வாழ்நாளில் செய்த முதல் உருப்படியான வேலை. குழந்தைவேலின் டிசைன் திரையில் மலர்ந்தது. அவன் மனைவி முகத்தைப் பார்க்கத் தைரியமில்லாமல் திரையிலிருந்த மயிலையே பார்த்துக்கொண்டிருந்தான்.

எல்லாரும் கிளம்பும்போது ஒரு பெரியவர் தயங்கித் தயங்கி ரஞ்சிதாவிடம் வந்தார்.

"ஏனுங்கம்மா, இத்தன பேரு கோளாற நீக்குன பென்டிரைவு. ராசியானதாத்தான் இருக்கோணும். பூசை ரூம்புல வெச்சுக்கறதுக்குக் கெடைக்குங்களா?"

ரஞ்சிதா சொன்னாள்:

"பெட்டிக்குள்ள காணாமப் போனதையெல்லாம் திருப்பி வாங்கிட்டோமுங்க. தலைக்குள்ள காணாமப் போனத நீங்கதானுங்க தேடோணும்."