பீப்பாய்க்கு ஒரு மேடை

இனிமேல் நாற்காலியில் உட்கார்ந்தபடியேதான் எருமையைக் குளிப்பாட்டுவது என்று சென்னிமலை முடிவெடுத்தார். மீனாட்சிபுரத்தில் அதுவரை யாரும் எடுக்காத முடிவு.

இடைஞ்சல் தண்ணீர்தான். ஓட்டில் விழும் மழை, ஓரக் குழாய் வழியாக நீலப் பீப்பாயில் நிறையும். அதில் மாட்டிய ஹோஸில் வருவதோ சளி பிடித்த மூக்கில் வருகிற அளவு. எருமைக்கு வால் நனைவதற்குள் தலை காய்ந்துவிடும்.

"பீப்பாய் உசரத்துல இருந்தா தண்ணி பீச்சும், புள்ள. ஒரு மேடை கட்டப்போறேன்."

மனைவி கமலாத்தாள் சாணிக்கூடையை இறக்கினாள். வைக்கோல் மழையில் அழுகுது, ஒரு பரண் கட்டுங்க என்று வருடக்கணக்காகக் கேட்டவள். கேட்கும்போதெல்லாம் அவருக்கு இடுப்பு வலிக்கும். இந்த முறை அவள் பரணைப் பற்றிப் பேசவேயில்லை.

"நல்ல ரோசனைங்க மாமா."

அப்போதே அவர் உஷாராகியிருக்க வேண்டும்.

"இன்னும் நாலு வரி கல்லு வைங்க. உசரம் கூடுனா வேகம் கூடும்னு நீங்கதானுங்களே சொன்னீங்க?"

வைத்தார்.

"ஒத்தப் பீப்பா காத்துல உருண்டுராதுங்களா? அகலமாக் கட்டுங்க."

கட்டினார்.

"வெயில் பட்டா தண்ணி பாசி புடிக்குமுங்க. மேல தகரம் போட்டுருங்க."

"உனக்கு இத்தன மூளையா!"

"எல்லாம் உங்ககிட்டக் கத்துக்கிட்டதுங்க."

பீப்பாய் மேலே ஏறியது. நாற்காலி வந்தது. கையில் ஹோஸ், எதிரே எருமை. வாளையார்ப் பக்கமிருந்து மேகம் திரண்டு, மழை கொட்டித் தீர்த்தது.

பீப்பாயில் ஒரு சொட்டு இல்லை. சென்னிமலை அண்ணாந்து பார்த்தார். ஓரக் குழாய் கீழே ஊற்றிக்கொண்டிருந்தது. பீப்பாயின் வாய் அதற்கும் இரண்டடி மேலே இருந்தது. தண்ணீர் ஏணி ஏறாது என்பது எருமைக்குக்கூட முன்பே தெரிந்திருந்த மாதிரி இருந்தது அதன் பார்வை.

மழை விட்டதும் வாசலில் ஒரு டிராக்டர் நின்றது. தார்ப்பாய் போட்டு மூடிய கொல்லங்கோட்டு வைக்கோல்.

"எங்கீங்கக்கா இறக்கறது?"

"அந்தப் பரண்கிட்டங்க," என்றாள் கமலாத்தாள், மேடையைக் காட்டி.

"எப்பப் புள்ள இதுக்குச் சொல்லி வெச்சே?"

"நீங்க அகலமாக் கட்ட ஆரம்பிச்ச அன்னிக்கேங்க. பீப்பாயக் கீழ இறக்கிட்டு, கட்டெல்லாம் மேல ஏத்திருங்க மாமா. அதுதான் இடுப்பு நல்லாயிருச்சுங்களே!"